வண்டி விளக்கு மலையேறிய கதை

மலாக்கா நீதிமன்றத்தில் சாட்சியின் இருமலைக்கூட இங்கிலீஷில் மொழிபெயர்த்த மனிதர் ஒருவர்தான். வெள்ளைக்காரன் ஆண்ட அந்தக் காலத்தில் அவர் அங்கே தமிழ் துபாஷி, நான் குமாஸ்தா. சாட்சி சொன்னதில் இம்மியும் கூட்டமாட்டார், குறைக்கமாட்டார். அதனால் இம்மி துபாஷி என்று பெயர் வைத்தோம். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் இருந்தது.

காஜா பெராங்கில் அவருக்குப் பக்கத்து வீட்டில் தலைமுறை தலைமுறையாக மலாக்காவிலேயே ஊறிப்போன ஒரு செட்டி குடும்பம். நெற்றியில் விபூதி இருக்கும், வாயில் மலாய்தான் வரும். அந்த வீட்டு அம்மாள் ஒருநாள் குவே செய்து கொண்டுவந்து கொடுத்தாள். துபாஷியின் மனைவி அந்தப் பலகாரத்தைக் கடித்துப் பார்த்து, கல்லு மாதிரி இருக்கு என்று தமிழில் முணுமுணுத்தாள். என்ன சொன்னாள் என்று அந்த அம்மாள் கேட்க, நம் ஆள் அதை அப்படியே மலாயில் சொல்லிவிட்டார். இரண்டு மாதம் அந்த வீட்டு ஜன்னல் இந்தப் பக்கம் திறக்கவில்லை.

நீதிமன்றத்திலும் இதே கூத்துதான். பண்டார் ஹிலிர் ஜவுளிக்கடை ராவுத்தர் ஒருவர், கூட்டாளி தன் தலையில் மிளகாய் அரைத்துவிட்டதாகப் புலம்பினார். இவர் சொல்லுக்குச் சொல் பெயர்த்து வைக்க, ஜட்ஜ் துரை பதறிப்போய் ராவுத்தரின் தொப்பியைக் கழற்றச் சொல்லிக் காயத்தைத் தேடினார். வழுக்கைதான் கிடைத்தது. அன்றைக்கே துரை கண்டித்துச் சொல்லிவிட்டார், இனி இப்படிப் பேச்சு வந்தால் பொருளையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்று. அதன்பிறகு, "இது ஒரு வழக்குச் சொல், இதன் பொருள் இன்னது" என்று விளக்க அவர் தவறியதில்லை. ஒரே ஒரு நாள் தவிர.

அது காளியம்மா என்ற பெண்ணின் வழக்கு. அவள் புருஷன் மாட்டுவண்டிக்காரன். பத்து பெரெண்டாம் என்ற ஊரிலிருந்து இருவரும் வண்டியில் திரும்பிக்கொண்டிருந்தார்கள். பொழுது சாய்ந்த நேரம். ஒரு மேட்டில் வண்டி ஏறும்போது, ஒரு தோட்டத்துத் துரையின் மோட்டார் தவறான பக்கத்தில் பாய்ந்து வந்து மோதியது. புருஷன் அங்கேயே போய்விட்டான். இவள் பிழைத்தாள். வீட்டில் மூன்று பிள்ளைகள்.

நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டாள். அன்றைய சட்டம் பொல்லாதது. செத்தவன் பக்கம் கொஞ்சம் தப்பு இருந்தாலும் போதும், குடும்பத்துக்கு ஒரு காசு கிடையாது. மோட்டார்க்காரர் தவறான பக்கத்தில் வந்ததை அவருடைய வக்கீலே மறுக்கவில்லை. வண்டியில் விளக்கு எரியவில்லை என்று காட்டிவிட்டால் ஜெயித்துவிடலாம் என்று இருந்தார். மோட்டார்க்காரரோ வண்டியையே பார்க்கவில்லை என்று முன்பே சொல்லி மாட்டிக்கொண்டவர், விளக்கைப் பற்றி அவரால் வாய் திறக்க முடியாது. எல்லாம் காளியம்மா சொல்லப்போகும் பதிலில் இருந்தது.

மேட்டில் ஏறும்போது விளக்கு என்ன ஆனது என்று வக்கீல் கேட்டார். துபாஷி அதைத் தமிழில் கேட்டார். அவள் தலை குனிந்தபடி சொன்னாள்.

"மலையேறிடுச்சுங்கய்யா."

விளக்கு அணைந்தது என்று சொல்ல நம் பெண்களுக்கு வாய் வராது. மலையேறிவிட்டது என்பார்கள். புருஷனைப் பறிகொடுத்தவள் வேறு எப்படிச் சொல்வாள்? பொய் சொல்லத் தெரியாமல் உண்மையைத்தான் சொன்னாள். மூன்று பிள்ளைகளின் சோறு போயிற்று என்று நினைத்தேன்.

துபாஷி தொண்டையைச் செருமினார். விளக்கு மலை ஏறியது என்று இங்கிலீஷில் சொன்னார். அவ்வளவுதான். வழக்குச் சொல் என்று விளக்கப்போகிறார் என்று பேனாவைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தேன். அவர் விளக்கவில்லை. வண்டியோடு விளக்கும் எரிந்துகொண்டே மேடு ஏறியதாக ஜட்ஜ் துரை புரிந்துகொண்டார். எதற்கும் இன்னொரு தரம் கேட்கச் சொன்னார்.

"விளக்கு மலையேறிச்சாம்மா?"

"ஆமாங்கய்யா."

துரை எழுதிக்கொண்டார். காளியம்மாவுக்கு நஷ்டஈடு கிடைத்தது. நடந்தது என்னவென்று அவளுக்குக் கடைசிவரை தெரியாது.

தீர்ப்பான மறுநாள் துபாஷி என் மேசைக்கு வந்து ராஜினாமாக் கடிதத்தை வைத்தார். உங்களை யாரும் ஒன்றும் கேட்கவில்லையே அண்ணே என்று மன்றாடினேன்.

"பாதித் தப்புக்கு முழுப் பட்டினின்னா, அது என்ன சட்டம் தம்பி?" என்றார். "ஆனா அதை மாத்துறது துபாஷி வேலை இல்ல. நான் மாத்திட்டேன். இனிமே அந்த இடத்துல நான் நிக்கக் கூடாது."

குடையை எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போனார். அவரைக் கேலி செய்தவர்களில் நான்தான் முதல் ஆள். தமிழ் தெரிந்த நானும் அன்று அந்த அறையில்தான் உட்கார்ந்திருந்தேன். வாயைத் திறக்கவில்லை, வேலையையும் விடவில்லை. அந்த மனுஷன் என் பங்குக்கும் சேர்த்து விட்டுவிட்டுப் போனார்.