பெரியவருக்குப் பதினேழு வயது

பிள்ளைகளே, உலகத்தில் எல்லாரும் முதலில் பிறந்து பிறகுதான் வளர்வார்கள். முதலில் வளர்ந்துவிட்டுப் பிறகு ஆறுதலாகப் பிறந்த ஒரே ஆள் எங்கள் பெரியவர்தான். சந்தேகம் என்றால் ஜேர்மன் அரசாங்கத்தின் கோப்பைத் திறந்து பாருங்கள். அதில் அவர் இரண்டு தடவை பிறந்திருக்கிறார். இரண்டு பிறப்புக்கும் நடுவில் ஆறு வருடம்.

அவர் அமெரிக்காவின் பெரிய லீக்கில் பேஸ்போல் விளையாட ஆசைப்பட்டார். அதுவும் மைதானத்தின் பின்வெளியில் நின்று, வானத்திலிருந்து விழுகிற பந்தை ஓடிப் பிடிக்கிற ஆளாக. இப்போதே சொல்லிவிடுகிறேன், அது நடக்கவில்லை. கடைசியில் எப்படியும் வென்றுவிடுவார் என்று நம்பி வாசித்து ஏமாறாதீர்கள். ஊரில் எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். கதையைத் திருப்பி நல்ல முடிவுக்குக் கொண்டுபோகத் தெரியாது. நடந்ததை எழுதத்தான் தெரியும்.

இரண்டாயிரம் பிறந்து நாலைந்து வருடம் கழிந்திருந்த காலம். எசன் நகரத்துக்கு வெளியே, பேருந்து கடைசியாக நின்று திரும்புகிற இடத்தில், எங்கள் அகதி விடுதி. ஹைம் என்போம். அறைக்கு நாலு பேர், இருபது பேருக்கு ஒரு குசினி. வேலை செய்ய அனுமதி இல்லை. காத்திருக்க மட்டும் தாராளமாக அனுமதி உண்டு.

அவரும் நானும் ஒரே கிழமையில் வந்து சேர்ந்தவர்கள். பெயர் பதிகிற மண்டபத்தில் என் பக்கத்தில் ஒரு பொடியன் வந்து குந்தினான். கமுகு மாதிரி உயரம். முகத்தில் ஒரு மயிர் கிடையாது. மெல்லக் கேட்டான்.

"அண்ணை, வயசு கேட்டா என்ன சொல்லுறது?"

"உனக்கு எத்தினை வயசு?"

"பதினஞ்சு."

நான் ஜேர்மனிக்கு வந்து அப்போது ஒன்பது நாள். ஒன்பது நாளில் ஒரு மனிதனுக்கு இந்த நாட்டைப் பற்றி எல்லாம் தெரிந்துவிடும். பத்தாம் நாளிலிருந்துதான் ஒன்றும் தெரியாமல் போகும்.

"பதினஞ்சு எண்டு சொன்னியோ, சின்னப்பிள்ளையளின்ர விடுதியில கொண்டுபோய்ப் போட்டிடுவாங்கள். அங்க தமிழ்ச் சனம் ஒருத்தரும் இல்லை. மூண்டு நேரமும் பாணும் சீஸும்தான். இருபத்தொண்டு எண்டு சொல்லு, எங்களோடயே இருக்கலாம்" என்றேன்.

"சோறு கிடைக்குமோ?"

"ஓமடாப்பா."

பொடியன் எழும்பிப் போய், சோற்றுக்காக ஆறு வருடத்தைக் கொடுத்துவிட்டு வந்தான். அன்றிலிருந்து அவர் எங்களுக்குப் பெரியவர். முதலில் பகிடிக்குத்தான் மரியாதை கொடுத்தோம். பிறகு வாய் பழகிவிட்டது.

அவரும் லேசுப்பட்டவர் இல்லை. இருபத்தொன்று என்று சொன்ன வாயைக் காப்பாற்றுவதற்காக அறுபது வயதுக்காரர் மாதிரி நடந்தார். கதிரையிலிருந்து எழும்பும்போது முழங்காலைப் பிடித்து "ஆ... அம்மா..." என்பார். எங்கள் அறையிலிருந்த ராசனுக்கு உண்மையாகவே பத்தொன்பது வயது. அவனைப் பார்த்து, "தம்பி, எங்கட வயசுக்கு வந்தால்தான் உமக்கு விளங்கும்" என்று புத்தி சொல்வார்.

"பெரியவர், பால்பல் எல்லாம் விழுந்திட்டுதோ?" என்று ராசன் கேட்பான்.

வெளிநாட்டவர் அலுவலகத்தில் டேர்மின் என்று நாள் குறித்துக் கூப்பிடுகிற நாட்களில், தீக்குச்சியைக் கொளுத்தி அணைத்து, அந்தக் கரியால் மீசை கீறிக்கொண்டு போவார். ஒரு ஆடி மாதத்து வெயிலில் அந்த மீசை வியர்வையோடு இறங்கி நாடிக்கு வந்து தாடியாகிவிட்டது. அலுவலகப் பெண்மணி ஒரு கடதாசிக் கைக்குட்டையை நீட்டினார். பெரியவர் அதை வாங்கி மூக்கைச் சீறிவிட்டு, மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்தார்.

கோயில் திருவிழாவில் ஒரு அக்கா அவருக்குப் பெண் பார்த்துவிட்டார். பெண்ணுக்கு இருபது வயது. "பொருத்தமான சோடி" என்று அக்கா சாதகம் கேட்டதும், பெரியவர் செருப்பையும் விட்டுவிட்டு ஓடினார். அந்த ஓட்டத்தைப் பார்த்தபோதுதான் இந்த மனிதனின் கால்கள் சாதாரணக் கால்கள் இல்லை என்று எனக்குத் தெரிந்தது.

கைகளைப் பற்றி முன்னமே தெரியும். ஊரில் பள்ளிக்கூடக் கிரிக்கெட் அணியில் எல்லைக்கோட்டில் நின்றவர் அவர். குசினியில் நாங்கள் எறிகிற வெங்காயத்தை முதுகைக் காட்டிக்கொண்டு நின்று பிடிப்பார். மூன்றாம் மாடியிலிருந்து சவர்க்காரம், சாவிக்கொத்து, ஒருநாள் ஒரு முட்டை. முட்டை உடையவில்லை. அதை அன்றைக்கே பொரித்துத் தின்றதால் உங்களுக்குக் காட்ட முடியவில்லை.

ஹைமுக்குப் பின்னால் ஒரு மைதானம். சனிக்கிழமைகளில் அங்கே பேஸ்போல் நடக்கும். ஒருநாள் வேலிக்கு மேலால் பறந்து வந்த பந்தைப் பெரியவர் வெறுங்கையால் பிடித்து, நின்ற இடத்திலிருந்தே திருப்பி எறிந்தார். அது நிலத்தில் படாமல் போய், நடு மைதானத்தில் நின்ற தாடிக்காரப் பயிற்சியாளரின் காலடியில் விழுந்தது. அவர் பந்தைப் பார்த்தார். வேலியைப் பார்த்தார். பிறகு வேலி ஏறிக் குதித்து எங்களிடம் வந்தார். பெருத்த மனிதர், காற்சட்டை கிழிந்துவிட்டது.

அடுத்த கிழமையே பெரியவருக்குக் கழகத்தின் சட்டை கிடைத்தது. கடதாசியில் இருபத்திரண்டு வயது என்று இருந்ததால் வளர்ந்த ஆட்களின் அணியில் போட்டார்கள். முதல் ஆட்டத்தில் பந்தை அடித்துவிட்டு, கீழே போட வேண்டிய மட்டையையும் தூக்கிக்கொண்டு ஓடினார். கிரிக்கெட்டில் அப்படித்தானே? எதிரணிக்காரர் தங்களை அடிக்க வருகிறார் என்று நினைத்து விலகி வழிவிட்டார்கள். பின்வெளியில் கையுறையைக் கக்கத்தில் செருகிவிட்டு வெறுங்கையால் பிடித்தார். "கையுறையைப் போடு!" என்று தாடிக்காரர் கத்தினார். "அதைப் போட்டா பந்து வந்தது தெரியேல்லை அண்ணை" என்று பெரியவர் என்னிடம் முறையிட்டார். ஆனாலும் அவருக்கு மேலால் போன பந்து என்று ஒன்று அந்த வருடம் இருக்கவில்லை.

தாடிக்காரர்தான் அவருக்கு அந்தப் பாதையைச் சொல்லிக் கொடுத்தார். முதலில் பள்ளிக்கூட அணி. பிறகு ஜேர்மனியின் தெற்கே, படிப்பும் பேஸ்போலும் சேர்த்துக் கற்பிக்கிற ஒரு விடுதி. அங்கே அமெரிக்காவிலிருந்து ஆட்கள் வந்து பார்த்துத் தெரிவுசெய்வார்கள். பிறகு அமெரிக்காவின் சின்ன லீக்குகள், ஒன்றுக்கு மேல் ஒன்றாக. உச்சியில் பெரிய லீக். பெரியவர் அதை எங்கள் அலுமாரிக் கதவில் ஏணியாகக் கீறினார். அடிப்படியில் "பள்ளிக்கூடம்" என்று எழுதி, பிறகு அதைத் தானே வெட்டினார். இருபத்திரண்டு வயதுக்காரருக்கு ஏது பள்ளிக்கூடம்?

இரண்டாம் வருட ஆடியில், தெற்கு விடுதியிலிருந்து ஒருவர் தொப்பியும் குறிப்புப் புத்தகமுமாக வந்தார். அன்று பெரியவர் பிடித்த ஒரு பந்தை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். முதுகைத் திருப்பிக்கொண்டு ஓடி, தலைக்கு மேலால் வந்ததைப் பார்க்காமலே கையில் வாங்கினார். தொப்பிக்காரர் எழும்பி நின்றுவிட்டார். வயதைக் கேட்டார். தாடிக்காரர் கழகத்தின் பட்டியலைப் பார்த்து, இருபத்துமூன்று என்றார். தொப்பிக்காரர் குறிப்புப் புத்தகத்தை மூடினார்.

"பதினெட்டுக்குக் கீழே என்றால் இன்றைக்கே கூட்டிப் போவேன்" என்றார்.

"எனக்குப் பதினேழு!" என்று பெரியவர் ஜேர்மன் மொழியில் கத்தினார். அணி முழுக்கச் சிரித்தது. தொப்பிக்காரர் சிரிக்கவில்லை. ஆவணி முடிவதற்குள் ஜேர்மன் அரசாங்கத்தின் அத்தாட்சி கொண்டுவந்தால் இடம் தருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஊரில் சண்டையால் பாதை பூட்டியிருந்த காலம். பெரியவரின் தாய் பிறப்புச் சான்றிதழுக்கு வரிசையில் நின்று, எடுத்து, அது கப்பலேறி, கொழும்புக்கு வந்து, ஜேர்மனிக்கு வந்தபோது ஆவணி முடிய ஒன்பது நாள். உறையைப் பிரித்து ராசன் உரக்க வாசித்தான். பெரியவருக்குப் பதினேழு வயது என்பதை அன்றுதான் ஒரு கடதாசி ஒத்துக்கொண்டது.

வழக்கறிஞரிடம் நான்தான் கூட்டிப் போனேன். அவர் சான்றிதழைப் பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்தார். வயதில் பொய் சொன்னவர் மற்றதிலும் பொய்தான் சொல்லியிருப்பார் என்று அகதி மனுவைத் தள்ளிவிடுவார்கள், இதை மேசைக்குள் போட்டுப் பூட்டுங்கள் என்றார்.

திரும்பி வரும்போது பேருந்தில் கெஞ்சினேன்.

"விசர் வேலை பாக்காதையுங்கோ. உயிரோட இருக்கிறதெல்லே பெரிசு."

பெரியவர் யன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அண்ணை, எனக்குப் பதினாறு வயசு வரவே இல்லை. பதினேழையாவது ஒருக்கா இருந்து பாக்கிறன். ஏலாதெண்டு சொல்லாதேங்கோ."

ஏலாது என்று சொல்ல எனக்கு என்ன உரிமை? பொய்யைச் சொல்லிக் கொடுத்தவன் நானெல்லவா?

மறுநாள் மீசை இல்லாமல் போய், கோப்பில் வயதைத் திருத்தச் சொல்லிச் சான்றிதழைக் கொடுத்தார். அலுவலகத்தில் அவரை நம்பவும் இல்லை, நம்பாமல் விடவும் இல்லை. கை எலும்பைப் படம் எடுத்துப் பார்த்தால் வயது தெரியுமாம். அதற்கு டேர்மின் எப்போது? மாசி மாதம். ஆவணி போய்விட்டது. தாடிக்காரர் தெற்கு விடுதிக்கு எத்தனையோ தடவை தொலைபேசி எடுத்தார். இடம் வேறொருவருக்குப் போய்விட்டது.

மாசியில் படம் எடுக்கப் போனோம். கையை வை என்றார் வைத்தியர்.

"எறியிற கையோ, பிடிக்கிற கையோ?" என்று பெரியவர் கேட்டார்.

நான் மொழிபெயர்த்தேன். வைத்தியருக்கு விளங்கவில்லை. "இடது கை" என்றார்.

"பிடிக்கிற கைதான். அது பொய் சொல்லாது" என்று பெரியவர் மகிழ்ச்சியாக வைத்தார்.

அது பொய் சொல்லவில்லைத்தான். பதினேழு பதினெட்டு என்று முடிவு வந்தது. அன்று பின்னேரமே தாடிக்காரர் ஹைமுக்கு வந்து எங்கள் வாசலில் நின்றார். உள்ளே வரச் சொல்லியும் வரவில்லை. அடுத்த புரட்டாதியில்தான் விடுதி திரும்ப ஆட்களை எடுக்கும், அப்போது இவருக்குப் பதினெட்டு முடிந்துவிடும் என்றார். பெரியவரின் தோளைத் தொடக் கையை உயர்த்தினார். தொடாமலே போய்விட்டார்.

பெரியவர் கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்தார். மூன்று நாள். சோறு போட்டு வைத்தால் அப்படியே இருந்தது. நாலாம் நாள் ராசன் பொறுக்க மாட்டாமல், "பெரியவர், இந்தாங்கோ!" என்று ஒரு வெங்காயத்தை எறிந்தான். அவர் திரும்பினார். அது நெற்றியில் பட்டு விழுந்தது. கை எழும்பவில்லை. ராசன் குசினிக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். வெங்காயம் உரிக்கிறேன் என்றான். வெங்காயம் எங்கள் அறையில் கிடந்தது.

வழக்கறிஞர் சொன்னதும் பலித்தது. மனு நிராகரிக்கப்பட்டது. ஊரில் சண்டை நடந்ததால் திருப்பி அனுப்பவில்லை. மூன்று மாதத்துக்கு ஒருதரம் நீட்டுகிற ஒரு தாளைக் கொடுத்து, இருந்து பார் என்றார்கள். பெரிய லீக்குக்குப் போக ஆசைப்பட்டவர் அந்தத் தாளோடு பக்கத்து நகரத்துக்குப் போகவே அனுமதி என்று இன்னொரு தாள் வாங்க வேண்டும்.

பங்குனியில் இன்னொரு கடிதம். திரும்பவும் ராசன்தான் வாசித்தான். பாதியில் சிரிப்பு வந்து அவனால் ஏலவில்லை. பதினெட்டு வயதுக்குக் குறைந்த இவர், இந்த நாட்டின் சட்டப்படி, வரும் திங்கட்கிழமை தொடக்கம் கட்டாயம் பள்ளிக்கூடம் போக வேண்டும்!

பெரியவர் மெல்ல எழும்பி இருந்தார். "பள்ளிக்கூடமோ? எனக்கோ?" என்றார். மூன்று கிழமைக்குப் பிறகு அவர் வாயிலிருந்து வந்த முதல் வார்த்தை அது.

பிள்ளைகளுக்கான அலுவலகத்திலிருந்து ஒரு பெண்மணியும் வந்தார். பொறுப்பாளர் இல்லாத சின்னப் பிள்ளையை இப்படி ஆண்களோடு விட முடியாது, பிள்ளைகள் விடுதிக்கு மாற்ற வேண்டும் என்றார். எனக்கு அந்த மாதம்தான் வதிவிட அனுமதி கிடைத்திருந்தது. "நான் பொறுப்பு" என்று கையெழுத்துப் போட்டேன். பயத்தில் பேனை மூன்று இடத்தில் தாளைக் கிழித்தது. வேறு என்ன செய்ய என்னால் முடியும்? ஆறு வருடத்தைத் திருப்பிக் கொடுத்தாயிற்று. ஒரு ஆவணியைத் திருப்பிக் கொடுக்க எந்த அலுவலகத்திலும் இடம் இல்லை.

அந்தச் சித்திரையில் பள்ளிக்கூடத்தில் பெற்றோர் கூட்டம் வைத்தார்கள். இரவல் கோட் ஒன்றைப் போட்டுக்கொண்டு போனேன். சுற்றிவர நரைத்த தலைகள். ஆசிரியை பட்டியலில் விரலை வைத்துக்கொண்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். பிறகு பட்டியலைப் பார்த்தார். பிறகு திரும்பவும் என்னை.

"நீங்கள் இவருடைய தகப்பனா?" என்று கேட்டார்.

எனக்கு அப்போது இருபத்தொன்பது வயது. பொறுப்பாளர் என்பதற்கு ஜேர்மன் சொல் எனக்கு நன்றாகத் தெரியும். பாடமாக்கிக்கொண்டுதான் போயிருந்தேன்.

"ஓம்" என்றேன்.

அவர் அப்படியே எழுதிக்கொண்டார். அதைத் திருத்தச் சொல்லி இன்றுவரை நான் எந்த அலுவலகத்துக்கும் மனுக் கொடுக்கவில்லை.