சிபானா வீட்டுக் காரின் கூலன்ட் டப்பா

முற்றத்துச் சிமெண்டுத் தரையில் மறுபடியும் அந்த ஈரம் இருந்தது. கல்யாணத்துக்குப் பன்னிரண்டு நாள்தான் பாக்கி.

இலாரியோன் சிபானா குனிந்து பார்த்தார். முப்பத்தொரு வருஷம் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். யாருக்கும் எதற்கும் குனிந்து பழக்கமில்லை. ஆனால் இந்த மூன்று நாளில் காருக்கடியில் குனிந்ததையெல்லாம் கூட்டினால், ஆயுளில் குனிந்ததைவிட அதிகமாக வரும். சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு, ரோஜா நிறத்தில், பிசுபிசுவென்று கிடந்தது ஈரம். விரலால் தொட்டு முகர்ந்தார். இனிப்பும் புளிப்புமாக ஒரு வாடை.

"என்னங்க, இன்னைக்கும் ஒழுகுதா?" என்று சமையற்கட்டு ஜன்னலிலிருந்து மனைவி நியேவெஸ் கேட்டாள்.

"ஒழுகல. வேர்த்திருக்கு."

"கார் வேர்க்குமா?"

"வெயில்ல நின்னா எதுவும் வேர்க்கும்."

ஆகஸ்ட் மாதக் காலை அது; இந்த ஊரில் ஆகஸ்ட் என்றால் குளிர்காலம். முற்றத்துத் தொட்டியில் தண்ணீர் பனிக்கட்டியாக உறைந்து கிடந்தது. நியேவெஸ் அதைப் பார்த்தாள், கணவரைப் பார்த்தாள், ஜன்னலைச் சாத்திக்கொண்டாள்.

விஷயம் இதுதான். இலாரியோனுடைய பழைய மாணவன் ஒருவனின் மகள் கிரிசெல்தாவுக்கு வருகிற செப்டம்பர் முதல் சனிக்கிழமை கல்யாணம். இலாரியோன்தான் ஞானத்தகப்பன். எல் ஆல்டோ என்கிற இந்த மலையூரில் ஞானத்தகப்பன் என்றால் பெயருக்கு ஒருவர் அல்ல. மணப்பெண்ணைத் தன் காரில் ஏற்றி மாதாகோயில் வாசலில் இறக்குகிற பொறுப்பு அவருடையது. மாவு மண்டி அபுந்தியோ தன் புது ஜீப்போடு அந்தப் பொறுப்புக்குத் தயாராகத்தான் இருந்தார். இலாரியோன் முந்திக்கொண்டு வார்த்தை கொடுத்துவிட்டார்.

வார்த்தை கொடுக்க அவருக்குக் காரணம் இருந்தது. ஒன்பது வருஷத்துக்கு முன்னால் அவருடைய தம்பி பெர்மின் இதேபோல் ஒரு மணப்பெண்ணை ஏற்றிக்கொண்டு போய், பாதி வழியில் கார் நின்று, அந்தப் பெண் உருளைக்கிழங்கு மூட்டைகளுக்கு நடுவே மினிபஸ்ஸில் உட்கார்ந்து கோயிலுக்குப் போனாள். அன்று முதல் அந்த வட்டாரத்தில் யார் எங்கே தாமதமாகப் போனாலும், "சிபானா வீட்டுக் கார்ல வந்தியா?" என்று கேட்பது வழக்கமாகிவிட்டது. பள்ளிக்கூடத்தில் பையன்கள்கூடக் கேட்டார்கள், தலைமையாசிரியர் அறைக்கு வெளியிலேயே. அந்தக் கேள்வியைக் குடும்பத்தின் மேலிருந்து துடைத்தெடுக்க வேண்டும். பெர்மினைப் பற்றி இதற்கு மேல் பேச வேண்டியதில்லை.

அதற்காகத்தான் காருக்குப் புதிதாகப் பெயின்ட் அடித்தார். பாலாடை நிறம், முகம் பார்க்கலாம். பெயின்ட் காய்ந்த வெள்ளிக்கிழமை, முறைப்படி பூமித்தாய் பச்சமாமாவுக்குப் பங்கு ஊற்றினார்கள். ஆகஸ்ட் மாதம் அவள் வாய் திறந்து பசியோடு இருப்பாள்; புதுப்பித்த எந்தப் பொருளுக்கும் அவள் பங்கைக் கொடுத்துவிட வேண்டும். அம்மா போனபின் அந்த வேலை அக்கா சத்தூர்னினாவுடையது. சந்தையில் வெங்காயம் விற்கிறவள். நாலடுக்குப் பாவாடையும் தலையில் வட்டத் தொப்பியுமாக அவள் பீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு வந்தால் பெரிய லாரிக்காரர்களே ஒதுங்கி நிற்பார்கள்.

இலாரியோன் அவளிடம் ஒன்றே ஒன்றுதான் சொல்லியிருந்தார். பெயின்ட் மேல் ஒரு சொட்டு படக்கூடாது.

"அம்பது வருஷமா ஊத்துறேன். எனக்கே பாடமா?" என்றாள் அக்கா.

ஆனாலும் மீறவில்லை. அவர் கேட்டருகே நின்று அண்டை வீட்டாரின் பாராட்டுகளைப் பெற்றுக்கொண்டு திரும்பிப் பார்த்தபோது, திறந்து வைத்த பானெட்டைச் சுற்றி வண்ணக் காகிதச் சுருள்கள் தொங்கின, எஞ்சின்மேல் மஞ்சள் காகிதப் பொட்டுகள் தூவியிருந்தன, பாட்டில் காலி, பெயின்ட் கண்ணாடி போலச் சுத்தம். அக்காவை நினைத்து அவருக்கு நிறைவாக இருந்தது.

அந்த நிறைவு மறுநாள் காலை ஈரத்தில் கரையத் தொடங்கி, திங்கட்கிழமையோடு முழுக்கப் போயிற்று.

காரை ஒர்க்‌ஷாப்புக்கு ஓட்டிப்போனால் ஊர் முழுக்கத் தெரிந்துவிடும். எனவே மெக்கானிக் வால்தெர் மேஸ்திரியை வீட்டுக்கே வரவழைத்து, கேட்டைச் சாத்தித் தாழ் போட்டார். மேஸ்திரி பானெட்டைத் திறந்து, ஓரத்திலிருந்த, எஞ்சினைக் குளிர்விக்கிற கூலன்ட் நீருக்கான வெள்ளை பிளாஸ்டிக் டப்பாவின் மூடியைத் திருகி எடுத்து, கவிழ்த்து, கட்டைவிரலால் அழுத்திப் பார்த்தார்.

நாம் இருப்பது நாலாயிரம் மீட்டர் உயரத்தில், இங்கே தண்ணீர் அவசரப்பட்டுக் கொதிக்கும், மூடி அழுத்தத்தைப் பிடித்து வைத்தால்தான் அடங்கும், இந்த மூடியின் ரப்பர் செத்துவிட்டது என்று விளக்கினார். வாடை இனிப்பாக இருக்கிறதே என்று கேட்டதற்கு, கூலன்ட் என்றால் இனிப்பு வாடைதான் என்றார். புது மூடி வந்தது. மேஸ்திரி பழைய நீரைக் கொஞ்சம் இறக்கிவிட்டுப் புதுக் கூலன்ட் ஊற்றினார். டப்பாவின் பாதியில் இருந்த கோட்டோடு நிறுத்தினார்.

"ஏன் மேஸ்திரி, பாதியோட நிறுத்திட்டீங்க?"

"சூடானா விரியும் வாத்தியாரய்யா. விரியறதுக்கு இடம் விடணும். அதுக்குத்தான் இந்த டப்பாவே இருக்கு."

"எங்க குடும்பத்துல யாருக்கும் பாதி கிளாஸ் நீட்டிப் பழக்கமில்ல."

"இது விருந்தாளி இல்லீங்க. டப்பா."

வெங்காயச் சருகை உரித்துக்கொண்டிருந்த அக்கா சத்தூர்னினா தலையை நிமிர்த்தி, புதுச் சாமானா என்று கேட்டாள். வெறும் மூடிதான் என்றார் இலாரியோன். மூடியானாலும் புதுசுதானே, மாசம் ஆகஸ்ட்டாச்சே என்று எழுந்து உள்ளே போனாள். அவருக்கு வாதாடத் தெம்பில்லை. பெயின்ட்டை மட்டும் நினைவுபடுத்தினார்.

அடுத்த நாள் ஈரம் இரண்டு தட்டு அகலத்துக்கு இருந்தது.

மேஸ்திரி மறுபடியும் வந்தார். கைப்பம்பை டப்பாவின் வாயில் மாட்டிக் காற்றடித்து, வெளிப்புறம் முழுக்கச் சோப்புத் தண்ணீர் தடவினார். டப்பாவின் தையலோரம் ஒரு மயிரிழையில் குமிழிகள் வரிசையாகப் புறப்பட்டன. பழைய மூடி தளர்ந்து இருந்ததால் டப்பா தப்பித்தது, புது மூடி இறுக்கியதும் கிழட்டு டப்பா விரிசல் விட்டுவிட்டது என்றார். அதாவது, சரிசெய்ததால் கெட்டது.

இந்த டப்பா புதிதாக எங்கும் கிடைக்காது. வியாழன் சந்தைக்குத்தான் போக வேண்டும். கதவு, கண்ணாடி, ஸ்டியரிங், யாருடையதோ பல்செட் என்று மைல் கணக்கில் பரப்பி வைத்திருக்கும் அந்தச் சந்தையில் அவர் மூன்று மணி நேரம் நடந்தார். தெரிந்தவர் எதிர்ப்பட்டபோதெல்லாம் விளக்கு வாங்க வந்ததாகச் சொன்னார். ஏழாவது ஆளாக அபுந்தியோ எதிர்ப்பட்டார். இவர் கக்கத்தில் செய்தித்தாள் சுற்றிய டப்பாவைப் பார்த்தார்.

"பெரிய விளக்கா இருக்கே வாத்தியாரே" என்றார் மரியாதையாக.

மேஸ்திரி இரண்டு போல்ட்டைக் கழற்றி, குழாய்ப் பட்டைகளை நெகிழ்த்திப் பழைய டப்பாவை எடுத்தார். அதன் கழுத்தில் ஈரமாக ஒட்டியிருந்த மஞ்சள் காகிதப் பொட்டு ஒன்றை நகத்தால் சுரண்டி, இது எப்படி இங்கே வந்தது என்று கேட்டார். அன்றைக்குத் தூவியது, காற்றில் வந்து ஒட்டியிருக்கும் என்றார் இலாரியோன். எல் ஆல்டோக் காற்றைத் தெரிந்த யாரும் அதைச் சந்தேகிக்கமாட்டார்கள். புது டப்பா ஏறியது. கூலன்ட் பாதிவரை ஏறியது. அக்கா பாட்டிலோடு வந்தாள்.

வெள்ளிக்கிழமை வண்டியைத் தெருக்கோடிவரை ஓட்டித் திரும்பினால், புது டப்பா நிறைய நுரை.

மேஸ்திரி வெகுநேரம் அந்த நுரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு தொப்பியைக் கழற்றினார். சாவு வீட்டில் கழற்றுவதுபோல இருந்தது.

"ஹெட் கேஸ்கெட் போயிடுச்சு வாத்தியாரய்யா, எஞ்சின் தலைக்கடியில அடைச்சு நிக்கிற தகடு. எஞ்சின் புகை தண்ணிக்குள்ள வருது. அதான் நுரை."

"நிச்சயமா?"

"இருபத்தாறு வருஷ சர்வீஸ்ல, நுரைக்கு நான் வேற காரணம் பார்த்ததில்ல."

அடுத்த வாரம் முழுக்க எஞ்சின் முற்றத்தில் போர்வைமேல் துண்டு துண்டாகக் கிடந்தது. கேட் சாத்தியே இருந்தது. கேட் சாத்தியிருப்பதால் தெருவில் பேச்சு கிளம்பியது: வாத்தியார் காரை விற்றுவிட்டாராம், இல்லை, பெர்மின் ஓட்டிப்போய் இடித்துவிட்டானாம். கிரிசெல்தாவின் தாயார் ஒரு தட்டு எம்பனாடா பலகாரத்தோடு வந்து, பேச்சுவாக்கில், அபுந்தியோவின் ஜீப் அன்றைக்குச் சும்மாதான் நிற்கும் என்று சொல்லிவிட்டுப் போனாள். இலாரியோன் எம்பனாடாவைத் தொடவில்லை. ராத்திரி முதுகுவலித் தைலம் தேய்த்தபடி, விட்டுவிடலாமே என்று நியேவெஸ் சொன்னபோது, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு கேட் தாழைச் சரிபார்க்கப் போனார்.

கழற்றிய கேஸ்கெட்டை மேஸ்திரி வெயிலில் தூக்கிப் பிடித்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். ஒரு குறையும் தெரியவில்லை. கண்ணுக்குத் தெரியாத குறையும் உண்டு என்று அவரே சொல்லிக்கொண்டார். இலாரியோன் கண்ணுக்குத் தெரிந்த குறைகளாலேயே களைத்திருந்தார்.

கல்யாணத்துக்கு முந்தின நாள், மாதத்தின் முதல் வெள்ளி, மத்தியானம் எஞ்சினை மறுபடி பூட்டி மூடியாயிற்று. கூலன்ட் பாதிவரை ஏறியது. மேஸ்திரி கை கழுவிக்கொண்டு போனார். இலாரியோன் நாற்காலியில் சாய்ந்தவர் வெயிலிலேயே தூங்கிப்போனார். பச்சமாமாவுக்கு ஊற்றுகிற முதல் வெள்ளியைச் சும்மா விடலாமா? அக்கா ஒரு பையைத் தூக்கிக்கொண்டு முற்றத்தைக் கடந்தாள். போகிற போக்கில் தம்பியின் முகத்தில் வெயில் படாமல் தன் தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டுப் போனாள். அவர் விழித்தபோது முற்றத்தில் காகிதப் பொட்டுகள் இருந்தன. பெயின்டில் ஒரு சொட்டு இல்லை.

சனிக்கிழமை காலை கேட் விரியத் திறந்தது. தெரு முழுக்க வாசலில் நின்று பார்த்தது. கறுப்புக் கோட்டில் இலாரியோன் ஓட்ட, பின்சீட்டில் வெள்ளைப் பட்டு நுரைத்து வழிய கிரிசெல்தா, அவள் பக்கத்தில் பூச்செண்டைப் பிடித்துக்கொண்டு அக்கா, முன்சீட்டில் வெளுத்த சட்டையில் மேஸ்திரி. அவரை விருந்தாளியாக அழைத்திருப்பதாகத்தான் எல்லோரிடமும் சொல்லியிருந்தது. பின்னால் பாண்டு வாத்தியக்காரர்களின் லாரி, அதன் பின்னால் அபுந்தியோவின் ஜீப்.

கோயில் இருக்கிற லா பாஸ் நகரத்துக்கு இறங்குகிற சரிவு முழுக்கக் கார் பூப்போல இறங்கியது. ஒன்பது வருஷத்தில் முதல் முறையாக இலாரியோனின் தோளிலிருந்த இறுக்கம் தளர்ந்தது. கீழே போய், கோயிலுக்கு மறுபடி ஏறவேண்டிய அந்தக் கடைசி ஏற்றத்தில், கோயில் கோபுரம் கண்ணுக்குத் தெரிகிற இடத்தில், எஞ்சின் சூட்டைக் காட்டும் முள் சிவப்புக்குப் போயிற்று. பானெட்டின் இடுக்கிலிருந்து சீற்றம். பிறகு நுரை. கொதித்த பால்போலப் பொங்கி, பாலாடை நிறப் பெயின்ட்மேல் அகலமாக வழிந்தது.

கார் நின்றது. பாண்டு ஒவ்வொரு வாத்தியமாக நின்றது. கடைசியாகப் பெரிய முரசு நின்றது.

ஜீப் பக்கத்தில் வந்து, கண்ணாடி இறங்கியது.

"வாத்தியாரே, பொண்ண நான் ஏத்திக்கவா?"

"ரெண்டு நிமிஷம்."

இரண்டு நிமிஷம் பத்து நிமிஷமாயிற்று. மேலே மணி அடித்தது. கிரிசெல்தா யாரையும் நிமிர்ந்து பார்க்காமல் பாவாடையைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டு இறங்கினாள். இலாரியோன் தானே போய் ஜீப்பின் கதவைத் திறந்து, அவள் உடையின் பின்தொங்கல் சிக்காமல் உள்ளே எடுத்து வைத்து, கதவைச் சாத்தினார். கதவைத் திறந்துவிடுவது ஞானத்தகப்பன் கடமை. யார் வண்டிக் கதவு என்று எங்கும் எழுதியிருக்கவில்லை. ஜீப் போயிற்று. லாரியும் போயிற்று. லாரியிலிருந்து யாரோ ஒருவன் மெல்ல அந்தப் பழைய கேள்வியைக் கேட்டதும் காதில் விழுந்தது.

மேஸ்திரி பானெட்மேல் வழிந்த நுரையைச் சுண்டுவிரலில் எடுத்தார். முகர்ந்தார். கொஞ்சம் யோசித்துவிட்டு நாக்கில் வைத்தார். இன்னொரு முறை வைத்தார்.

"வாத்தியாரய்யா, கோவிச்சுக்காதீங்க. கேஸ்கெட்ல கோளாறில்ல. டப்பாவுலயும் இல்ல. இது பீரு."

இலாரியோன் மெதுவாகப் பின்சீட்டைத் திரும்பிப் பார்த்தார். அக்கா சத்தூர்னினா தொப்பியைச் சரிசெய்துகொண்டு, மடியில் பூச்செண்டோடு, நேராக நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"பெயின்ட்ல சொட்டக்கூடாதுன்னு நீதான தம்பி சொன்ன, அதான் டப்பா வாயத் திறந்து ஊத்தினேன், அந்த மேஸ்திரி ஒவ்வொரு தடவையும் பாதியோட விட்டுட்டுப் போனாலும், பச்சமாமாவுக்குப் பாதி கிளாஸ் நீட்ட நாம என்ன அபுந்தியோ குடும்பமா?"