காரின் வாயைப் பஞ்சால் அடைத்த கதை

கார் என்னைக் காட்டிக்கொடுக்கப் போகிறது என்று நான் நம்பினேன். சும்மா ஒரு பேச்சுக்குச் சொல்லவில்லை. கொக்குவிலில் எங்கள் வீட்டுப் போட்டிக்கோவில் சாதுவாக நின்ற வெள்ளைக் கார், நான் எங்கெங்கே போனேன், என்னென்ன ஏற்றினேன், எந்தப் பள்ளத்தில் இறக்கினேன் என்பதையெல்லாம் நினைவில் வைத்திருந்து, சமயம் வந்ததும் மச்சானிடம் ஒன்றும் விடாமல் ஒப்புவிக்கும் என்று முழு மனதோடு நம்பினேன். அப்போது எனக்கு ஐம்பது வயது கடந்துவிட்டது. விஞ்ஞானப் பட்டதாரி வேறு. (பட்டமளிப்புப் படம் முன்பு ஹோலில் தொங்கியது. இந்தச் சம்பவத்துக்குப் பிறகு மனைவி அதைக் கழற்றி அலுமாரிக்கு மேலே வைத்துவிட்டாள்.)

கார் என் மனைவி வசந்தியின் அண்ணன் குகனுடையது. ஆள் ரொறன்ரோவில். அவர்களுடைய அப்பா, என் மாமா, காலமான பிறகு மாமி எங்களோடு வந்திருந்தார். வந்தவர் வாசல் படலைக்கு வெளியே கால் வைக்கவில்லை. கோயிலுக்குக் கூப்பிட்டால் முழங்கால் நோகிறது, கலியாணத்துக்குக் கூப்பிட்டால் சனம் கூடவாம். நீரிழிவு என்கிற சீனி வருத்தத்துக்குக் கிளினிக் போக வேண்டும். அதற்கு ஓட்டோ பிடித்தால் குலுக்குகிறதாம். ஆகவே குகன் போன முறை வந்தபோது ஜப்பானிலிருந்து வந்த பழைய கார் ஒன்றை வாங்கி, கார்த் திறப்பை என் கையில் தந்தார்.

"மச்சான், இது அம்மாவைக் கிளினிக்குக்குக் கொண்டுபோக மட்டும். ஞாயிற்றுக்கிழமையிலை ஒருக்கா ஸ்ராட் பண்ணி விடும். உதிலை ஊர் சுத்தினீரெண்டு கண்டன், அடுத்தமுறை வந்து வித்துப்போட்டுத்தான் போவன்."

"சீ, எனக்கென்னத்துக்குக் கார்? சைக்கிள் இருக்கெல்லே," என்றேன். (அந்தச் சைக்கிளின் பின் கரியரில் கோழி முட்டையிடத் தொடங்கியிருந்தது.)

சொன்ன சொல்லை நான் காப்பாற்றினேன். முதலாவது கிளினிக் முடிந்து ஆஸ்பத்திரி வாசலைத் தாண்டும்வரை.

"தம்பி," என்றார் பின் சீற்றிலிருந்த மாமி. "உந்தப் பக்கம் போனாக் கடல் தெரியுமெல்லோ?"

"ஓம் மாமி. பண்ணைக் கடல்."

"ஒருக்காப் பாத்திட்டுப் போவமே?"

போனோம். மாமி கண்ணாடியை இறக்கிவிட்டு, காற்றில் கொண்டை அவிழ அவிழ, பண்ணைப் பாலத்தின் மறுகரை வரைக்கும் கடலையே பார்த்துக்கொண்டு வந்தார். திரும்பும்போது, "மாமா ஒருநாளும் உந்தப் பக்கம் கூட்டிக்கொண்டு வரேல்லை. கேட்டா, கடலிலை என்ன பாக்கக் கிடக்கு எண்டுவார்," என்றார். அன்று இரவு மாமி இரண்டாம் முறை புட்டு வாங்கிச் சாப்பிட்டதை வசந்தி என்னிடம் வந்து அதிசயமாகச் சொன்னாள். நான் ஒன்றும் தெரியாதவன்போல் சொதியை ஊற்றிக்கொண்டேன்.

அதன்பிறகு மாமிக்குக் கிளினிக் கூடிவிட்டது. வெள்ளிக்கிழமைகளில் எல்லாம் கிளினிக். கீரிமலையில் கிளினிக், கசூரினாக் கடற்கரையில் கிளினிக், பருத்தித்துறையில் கிளினிக். எந்தக் கிளினிக்குக்குப் போனாலும் திரும்பி வரும் வழியில் நல்லூரடியில் ஒரு ஐஸ்கிறீம். "சின்னக் கப்தானே தம்பி, உது என்ன செய்யப்போகுது?" பள்ளியில் கணக்குப் படிப்பிக்கிற வசந்தி வீட்டுக்கு வர மூன்று மணியாகும். அதற்குள் மாமி முகம் கழுவி, விபூதி பூசி, வருத்தக்காரி மாதிரிக் கதிரையில் சாய்ந்திருப்பார். எனக்கும் என் பங்குக்கு ஒரு கிளினிக் இருந்தது. ஞாயிறு காலை வசந்தி கோயிலுக்குப் போனதும், 'ஸ்ராட் பண்ணிவிடுகிறேன்' என்று காரை எடுத்துக் குருநகருக்குப் போய் நண்டு வாங்கி வருவேன். ஒருமுறை பை பிரிந்து நண்டுகள் காருக்குள்ளே இறங்கிவிட்டன. ஒன்றைத் தவிர மற்றவையெல்லாம் பிடிபட்டன. அந்த ஒன்றைப் பற்றி நான் யோசிப்பதில்லை என்று முடிவுசெய்திருந்தேன்.

இப்படி இருக்கையில் குகன் லீவில் வருவதாகச் செய்தி வந்தது. எனக்கு மூளை வேலை செய்யத் தொடங்கியது. (அது எப்போதும் ஆபத்தான நேரம்.) குகன் போகும்போது பெற்றோல் முள் சரியாகப் பாதியில் நின்றது, அதை நான் அறிவேன், அவரும் அறிவார். ஆகவே பிளாஸ்ரிக் கானில் பெற்றோல் வாங்கிவந்து, புனல் வைத்து, கொஞ்சம் ஊற்றுவது, ஓடிப்போய் முள்ளைப் பார்ப்பது, திரும்ப ஊற்றுவது என்று முள்ளைப் பழைய இடத்துக்கே கொண்டுவந்தேன். வசந்தியின் ஸ்கூட்டி சத்தம் ஒழுங்கை முனையில் கேட்டது. அவசர அவசரமாக மூடிவிட்டுக் கானை வாழைக்குள்ளே எறிந்தேன்.

நாலைந்து நாள் கழித்து, முன் தட்டில் ஒரு மஞ்சள் லைற் பற்றியது. கோப்பாய்த் தோட்டங்களில் தண்ணீர் இறைக்கிற மிசின் மாதிரி ஒரு படம். நிறுத்திவிட்டு ஸ்ராட் பண்ணினேன், அணையவில்லை. பொனற்றைத் திறந்து எல்லாவற்றையும் முறைத்துப் பார்த்துவிட்டு மூடினேன், அப்போதும் அணையவில்லை. உடனே எனக்கு அந்த நண்டின் ஞாபகம் வந்தது. அது உயிரோடிருந்து, இத்தனை நாளும் உள்ளே வயர்களை நறுக்கிக்கொண்டிருப்பதாக எனக்குக் கண்ணுக்கு முன்னே தெரிந்தது.

கராஜுக்குக் கொண்டுபோக முதல் வசந்தி அண்ணனுக்குப் போன் எடுத்துவிட்டாள். குகன் போனில் சத்தமாகச் சிரித்தார்.

"ஒண்டுக்கும் கொண்டுபோகாதையுங்கோ. நான் வரேக்கை ஒரு சாமான் கொண்டுவாறன். ஸ்ரியறிங்குக்குக் கீழை ஒரு சொக்கற் இருக்கும். அதிலை குத்தினாச் சரி, என்ன நடந்ததெண்டு கார் தானாச் சொல்லும்."

நானும் மாமியும் ஒருவரையொருவர் பார்த்தோம். போன முறை சோற்றுக்கு முன்னால் இருந்து குகன் சொன்ன ஒரு விஷயம் எங்கள் இரண்டுபேருக்கும் ஒரே நேரத்தில் ஞாபகம் வந்தது. கனடாவில் காப்புறுதிக்காரர் ஒரு சின்னச் சாமான் கொடுப்பார்களாம். அதைக் காரில் குத்தி வைத்தால், எத்தனை மணிக்கு ஓடினாய், என்ன வேகத்தில் ஓடினாய், எங்கே பிறேக்கை உதைத்தாய் என்று எல்லாம் அவர்களுக்குப் போய்விடுமாம். "அங்கை காருக்கு ஒளிச்சு ஒண்டும் செய்யேலாது," என்று பெருமையாகச் சொல்லியிருந்தார்.

வசந்தி குசினிக்குப் போனதும் மாமி என் கையைப் பிடித்தார்.

"தம்பி, உது ஐஸ்கிறீமையும் சொல்லுமே?"

"கடை வாசலிலை நிண்டதைச் சொல்லும் மாமி. பிறகு மகனுக்குத் தெரியாதே, கடை வாசலிலை நிண்டு நாங்கள் தேவாரமோ பாடினது எண்டு?"

"அப்ப அவன் காரை வித்துப்போடுவான்." மாமி கையை விட்டார். "சரி. இருந்த மாதிரி வீட்டிலை இருப்பம்." அப்படிச் சொன்ன தொனிதான் என்னை அடுத்தநாள் காலையில் காருக்குக் கீழே தள்ளியது.

கீழே என்றால் ஸ்ரியறிங்குக்குக் கீழே. சீற்றில் முதுகைக் கொடுத்து, தலையைப் பிறேக் மிதிக்குப் பக்கத்தில் வைத்து, கால் இரண்டையும் கதவுக்கு வெளியே நீட்டிக்கொண்டு, வாயில் ரோச் லைற்றைக் கவ்வியபடி தேடினேன். முதலில் ஒரு கைப்பிடியை இழுத்தேன். பொனற் துள்ளித் திறந்தது. ஒரு மூடியைக் கழற்றினேன். பியூஸ்கள் பல்லைக் காட்டின. பக்கத்து வீட்டுத் தேவண்ணை மதிலுக்கு மேலால் எட்டிப் பார்த்து, "ஐயோ பிள்ளை வசந்தி, இவருக்கு வலிப்பெல்லே!" என்று கத்தினார். நான் வாயிலிருந்த ரோச்சோடு "ம்ம், ம்ம்" என்றது அவரை இன்னும் பயப்படுத்தியது. வலிப்புக்கு இரும்பு பிடிக்கக் கொடுக்க வேண்டுமென்று, திறப்புக் கோர்வையோடு மதில் ஏறியே விட்டார். நல்லகாலம், வசந்தி பள்ளிக்குப் போய்விட்டாள். அவரை இறக்கி அனுப்பப் பெரும்பாடு.

கடைசியில் அது அகப்பட்டது. ஓட்டுபவரின் வலது முழங்கால் வருகிற இடத்துக்கு மேலே, என் கண்ணுக்கு நேராக, ஒளியாமல் மறையாமல் இருந்தது. மேலே அகலம், கீழே ஒடுக்கம், இரண்டு வரிசை ஓட்டை. கட்டுப்பல்லைக் கழற்றிவிட்டுச் சிரிக்கிற வாய் மாதிரி. இதுதானே எல்லாவற்றையும் சொல்லப்போகிற வாய் என்று பார்த்தேன். பஞ்சு எடுத்து இறுக்கி அடைத்தேன். அதற்கு மேலே கறுப்பு ரேப் ஒட்டினேன்.

மாமி வந்து குனிந்து பார்த்தார். "வாயை அடைச்சா மூக்காலை சொல்லாதோ?"

"மூக்கு இருக்கிறதா ஒருத்தரும் சொல்லேல்லை மாமி."

குகன் வந்து, பயணக் களை ஆறி, மறுநாள் காலைத் தேநீருக்குப் பிறகு, தீப்பெட்டியளவு கறுப்புச் சாமான் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு காரடிக்கு வந்தார். வசந்தியும் மாமியும் பார்க்க வந்தார்கள்.

"ஸ்ரியறிங்குக்குக் கீழை சொக்கற் இல்லையே. எங்கை காணும்?"

"இது ஜப்பான் கார், மச்சான். பின்னுக்குத்தான் இருக்கும்," என்றேன்.

பின்பக்கத்தைத் திறந்தோம். சொக்கற் இல்லை. ஆனால் மூலையில், காய்ந்து வெளுத்த நண்டுக்கால் ஒன்று இருந்தது. குகன் அதைத் தூக்கிப் பிடித்தார்.

"உதென்ன?"

"பூனை கொண்டந்து போட்டிருக்கும்."

"மூடிக்கிடந்த காருக்கையோ?"

"எங்கடை பூனை கெட்டிக்காரப் பூனை."

அப்போதுதான், ஒன்றுமறியாத வசந்தி முன் கதவடியில் நின்று, "அண்ணை, இஞ்சை முழங்காலடியிலை கறுப்பு ரேப் ஒண்டு ஒட்டிக்கிடக்கு," என்றாள். இருபத்தைந்து வருடத் தாம்பத்தியத்தில் அவள் எனக்குச் செய்த ஒரே துரோகம் அதுதான்.

குகன் ரேப்பை உரித்தார். பஞ்சு வந்தது. இன்னும் வந்தது. வந்துகொண்டேயிருந்தது.

"என்ன காணும் இது? செத்த ஆளின்ரை மூக்குக்கு வைக்கிற மாதிரி?"

"தூசி போகாமல்," என்றேன்.

குகன் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சாமானைக் குத்தினார். திறப்பைத் திருப்பினார். போன் திரையில் ஒரு வட்டம் சுற்றத் தொடங்கியது. அந்த வட்டம் சுற்றச் சுற்ற எனக்குள்ளே ஏதோ அவிழ்ந்தது.

"மச்சான், பொறும்! அது சொல்ல முன்னம் நான் சொல்லுறன்!"

சொன்னேன். பண்ணைக் கடலில் தொடங்கி, கீரிமலை, கசூரினா, பருத்தித்துறை என்று ஒரு சுற்றுலா வழிகாட்டி மாதிரிச் சொன்னேன். குருநகரைச் சொன்னேன். நண்டுப் பை பிரிந்த இடத்தைச் சொன்னேன், இன்னும் ஒன்று உள்ளே இருக்கிறது என்றும் எச்சரித்தேன். மானிப்பாய் ரோட்டில் வளவுச் சுவரில் உரசி, அந்தக் கீறலுக்கு வசந்தியின் வெள்ளை நகப்பூச்சைப் பூசியதைச் சொன்னேன். (இதை ஒருவரும் கேட்கவில்லை.) "நல்லூரடியிலை ஐஸ்கிறீமும் குடிச்சனாங்கள்," என்றேன்.

"தம்பி, 'நாங்கள்' எண்டு என்னையேன் இழுக்கிறியள்?" என்றார் மாமி.

"அம்மா!" என்றாள் வசந்தி.

"சின்னக் கப்தான் பிள்ளை," என்றார் மாமி. பிறகு போன் திரையைப் பயத்தோடு பார்த்து, "ஒருநாள் மட்டும் ரெண்டு," என்று திருத்திக்கொண்டார்.

குகன் போனைப் பார்த்தார். எங்களைப் பார்த்தார். மாமி முந்தானையைச் சுருட்டிக்கொண்டு நிலத்தைப் பார்த்தபடி நின்றார்.

"விக்கிறதெண்டா வில்லடா," என்றார் மாமி. "ஆனா இவரைப் பேசாதை. நான்தான் கேட்டனான்."

குகன் போனை எங்கள் பக்கம் திருப்பினார். "அம்மா, இதிலை ஒரேயொரு விஷயம்தான் கிடக்கு. பெற்றோல் ஆவி எங்கையோ கசியுதாம். மூடியைப் பார்க்கட்டாம்."

"கசூரினா?" என்றேன்.

"கசூரினாவைப் பற்றி உதுக்கென்ன தெரியும் காணும்? அங்கை காப்புறுதிக்காரர் தாற சாமான், குத்தி வைச்ச நாளிலையிருந்து தானே பதியும். இது எஞ்சினுக்கு என்ன வருத்தமெண்டு மட்டும்தான் சொல்லும்."

நாலுபேரும் போய்ப் பெற்றோல் மூடியைப் பார்த்தோம். குகன் இரண்டு விரலால் தொட்டார், அது கலகலத்தது. இறுக்கினார். கிளிக், கிளிக் என்றது. போனில் ஏதோ அழுத்தினார். மஞ்சள் லைற் அணைந்தது. என் நெஞ்சிலிருந்து ஒரு மூச்சுப் போனது பாருங்கள், மாமரத்துச் சருகு அசைந்திருக்கும்.

"எல்லாத்தையும் வீணாச் சொல்லிப்போட்டேனே," என்று முனகினேன்.

"வீணில்லை, நகப்பூச்சு எனக்குத் தெரியாது," என்றார் குகன். பிறகு ஸ்ரியறிங்குக்குப் பின்னால் கைகாட்டினார். "மச்சான், பஞ்சு வைச்சீர், ரேப் ஒட்டினீர், பெற்றோல் முள்ளைக்கூடப் பாதியிலை கொண்டந்து நிப்பாட்டியிருக்கிறீர். உந்தக் கிலோமீற்றர் இலக்கத்தைப் பாத்தனீரோ? நான் இஞ்சை நிக்கேக்கை இருந்ததுக்கும் இப்பத்தைக்கும், கனடாவுக்கே பாதித் தூரம் ஓடியிருக்கிறீர். நேற்று வந்த உடனையே கண்டனான்."

"அப்ப ஏன் பேசாமல் இருந்தனீர்?"

குகன் மாமியைப் பார்த்தார். "அம்மா நேற்றுப் படலைக்கு வெளியாலை, ரோட்டுக்கே வந்து நிண்டெல்லோ என்னை இறக்கினவ," என்றார். திறப்பைக் கழற்றி என் சட்டைப் பையில் போட்டார். "வெள்ளிக்கிழமைக் கிளினிக்குக்கு நானும் வாறன்."

கார் இன்னும் எங்கள் போட்டிக்கோவில்தான் நிற்கிறது. வீட்டில் யாராவது எதையாவது மழுப்பினால், மற்ற ஆள் "என்ன, குத்திப் பாக்கட்டோ?" என்று கேட்பது வழக்கமாகிவிட்டது. மாமி ஒருபடி மேலே. உண்மையான கிளினிக்கில் இரத்தம் எடுக்க ஊசியைக் கண்டதுமே, அந்தக் கிழமை தின்றதையெல்லாம் தாதிக்குத் தானாகச் சொல்லிவிடுகிறார். அந்த நண்டு மட்டும் இன்றுவரை கிடைக்கவில்லை.

கார் ஒன்றையும் காட்டிக்கொடுக்கவில்லை. வசந்தியின் ஸ்கூட்டிச் சத்தம் கேட்ட பதற்றத்தில், பெற்றோல் மூடியைக் 'கிளிக்' என்று கேட்கும்வரை நான் இறுக்கவில்லை. நடந்தது அவ்வளவுதான்.