கருப்பராயனுக்கு வாய்த்த கல்

"கல்லை எங்கீம்மா?"

வீடெல்லாம் தேடிவிட்டு வந்து கேட்டான் சசிதர். மாலையில் கோவையில் ரயில் ஏற வேண்டும். பனித்தரையில் கல்லைச் சறுக்கி விடும் கர்லிங் ஆட்டத்தில் அவன் ஆட்டக்காரன்; பயிற்சியாளனும் அவனே. ஊராருக்குக் காட்டவென்று கர்லிங் சங்கத்திடம் மன்றாடி வாங்கி வந்திருந்தான் அந்தக் கல்லை. அதில்லாமல் போய் நின்றால் பயிற்சியாளர் பதவி அன்றே போகும்.

"கருப்பராயன் கோயில்ல வெச்சிருக்கறன் கண்ணு," என்றாள் தாய் அம்புஜம். "உங்கப்பா கபடிக்குப் போறப்ப பனியனை வெச்சோம். உன்ற அக்கா ஹாரிகா எறியற ஈட்டியை வெச்சோம். உன்ற கல்லை மட்டும் உட்டுப்போட்டாச் சாமி கோவிச்சுக்காதா?"

ஓடினான். விசைத்தறிகளை நிறுத்திவிட்டு ஊரே கோயிலில் திரண்டிருந்தது. கல்லுக்கு மஞ்சள் காப்பு. கைப்பிடியில் அரளி மாலை. அதை வைத்த சற்றைக்கெல்லாம், சோமனூர்ப் பக்கம் நெடுநாளாய்த் தலைகாட்டாத மழை கொட்டித் தீர்த்திருந்தது.

"மழை கொண்டாந்த கல்லுங்க தம்பி. எடுக்கறது ஆவாதுங்க," என்றார் பூசாரி பாலுசாமி.

"வெளையாட்டுச் சாமானுங்க இது! பனிக்கட்டி மேலயே கெடக்கறதுங்க!"

"அதானே பார்த்தனுங்க, அத்தனை குளிர்ச்சி!"

கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது.

வேறு வழியின்றி, கைப்பேசியில் ஆட்டத்தையே காட்டினான். கல் மெல்ல நகர்ந்தது. அதன் முன்னால் இருவர் துடைப்பத்தால் தரையைத் தேய்த்தபடி விரைந்தனர்.

"வெளியூர்க்காரங்க பக்தியைப் பாருங்க! சாமி போற பாதையைக் கூட்டிக்கிட்டே ஓடறாங்க!" என்று மெய்சிலிர்த்தார் திருமலைசாமி. அவர் வேறு யாருமல்லர், அவனைப் பெற்ற தகப்பனார்.

உடனே யாரோ விளக்குமாறு கொண்டுவந்து சந்நிதியைக் கூட்டத் தொடங்கினார்கள். பொழுது சரிந்துகொண்டிருந்தது.

"நாம பேசி ஆவறதில்லைங்க. பூக்கேட்டுப்போடலாம்," என்றார் பாலுசாமி.

வெள்ளைப் பூவொன்றும் சிவப்புப் பூவொன்றும் தனித்தனியே இலையில் மடித்துச் சந்நிதியில் போடுவார்கள். பூசாரி ஒன்றை எடுத்துப் பிரிப்பார். வெள்ளை வந்தால் சாமி 'சரி' என்றதாகப் பொருள். சிவப்பு வந்தால் 'ஆகாது'.

சசிதர் கோயிலின் பின்புறம் நழுவினான். பூ மடித்துக்கொண்டிருந்தாள் கோயில் பூக்காரி பொன்னாத்தாள். தெய்வத்தின் முன் கள்ளம் செய்யும் நினைப்பு நெஞ்சைச் சுட்டது. ரயிலின் நினைப்பு அதனினும் சுட்டது.

"ஏனுங்க அக்கா, ரெண்டுலயும் வெள்ளையே வெச்சுப்போடுங்க. என்ற பொழப்பே இதுலதானுங்க இருக்குது."

அவள் அவனை ஏற இறங்கப் பார்த்தாள். கண்கள் பனித்தன.

"செஞ்சுபோடறனுங்க தம்பி."

பாலுசாமி கண்மூடிக் கருப்பராயனின் காதோரம் குனிந்து முணுமுணுத்தார். ஒரு பொட்டலத்தை எடுத்தார், பிரித்தார்.

வெள்ளை!

குலவை விண்ணை முட்டிற்று. சசிதர் பாய்ந்து கல்லின் கைப்பிடியைப் பற்றினான். கூட்டம் திடுக்கிட்டது.

பொன்னாத்தாள் அவன் மணிக்கட்டைப் பிடித்துக் காதோடு சொன்னாள்:

"தொடாம கும்பிடுங்க தம்பி! 'சாமீ, இங்கயே தங்கிக்கறயா'ன்னு பூசாரி கேக்கறதுக்கு, ரெண்டுலயும் வெள்ளையே வெக்கச் சொன்னீங்களே, உங்க பக்தி ஆருக்குங்க வரும்!"