எடையைப் பற்றி வாய் திறந்த கதை

மதிப்பிற்குரிய மச்சான் அவர்களுக்கு,

தங்கள் தங்கையின் கணவன் விண்ணிலிருந்து வணக்கத்தோடு எழுதிக்கொள்வது. மேலே நாங்கள் இருவரும் உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். கீழே தாங்களும் அக்காவும் பிள்ளைகளும் அவ்வாறே இருக்க வேண்டும். மனசுக்கு வந்த குறையைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

பூமியைச் சுற்றிவரும் இந்த ஆய்வுக்கூடத்தில் எனக்கு ஈர்ப்புவிசைப் பிரிவு, தங்கள் தங்கைக்கு மறைசக்திப் பிரிவு என்பது தாங்கள் அறிந்ததே. இரண்டையும் ஒரே கூரைக்குள் வைத்தால் செலவு மிச்சம் என்று எந்தப் புண்ணியவான் கண்டுபிடித்தாரோ, நடுவில் இருப்பது ஒரு மெல்லிய சுவர்தான். தியானத்தில் உடம்பு தரையைவிட்டு எழும்புகிறதா என்று பார்ப்பது அவர்கள் வேலை. இங்கேயோ பல் துலக்கும்போதே எல்லாரும் எழும்பிவிடுகிறோம் என்பதால், அவளும் அவளுடைய நான்கு தியானிகளும் இடுப்பில் பட்டை போட்டுத் தங்களைச் சுவரோடு கட்டிக்கொண்டு, பிறகு எழும்ப முயற்சி செய்கிறார்கள். நான் இதற்கு ஒருநாளும் சிரித்ததில்லை, மச்சான். இருமியிருக்கிறேன்.

சுவருக்கு இந்தப் பக்கம் என் கண்ணாடிப் பெட்டி. அதற்குள் ஓர் இரும்புக் குண்டு மிதக்கிறது. அது மயிரிழை நகர்ந்தாலும் திரையில் ஒரு பச்சைக் கோடு வளையும். போன வாரம் அவர்கள் தியானம் முடித்த பிறகு பார்த்தால், அவர்கள் கண்ணை மூடியிருந்த நேரமெல்லாம் கோடு அவர்கள் பக்கமாக வளைந்திருந்தது. மறுநாளும் அப்படியே. "பாத்தீங்களா, எங்க சக்தி உங்க குண்டையே இழுக்குது!" என்று தங்கள் தங்கை பாய்ந்து வந்ததில் தலை கூரையில் இடித்தது, அதைக்கூட அவள் பொருட்படுத்தவில்லை. அவள் பிரிவை மூடிவிடப் போவதாகப் பேச்சிருந்த நேரம். கல்யாணத்தன்றுகூட அவள் முகத்தில் அப்படியொரு வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை. அப்போதாவது நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். எந்தப் பொருளும் இன்னொன்றை இழுக்கும், பொருள் பெரிதானால் இழுப்பும் பெரிது என்று பள்ளிக்கூடத்தில் படித்தது தொண்டைவரை வந்துவிட்டது.

"இது சக்தி இல்லம்மா. உன் எடை."

தியானிகள் ஒவ்வொருவராக மிதந்து வெளியே போய்விட்டார்கள்.

"என்ன சொன்னீங்க?"

"உன்னோடது மட்டும் இல்ல, அஞ்சு பேரோடதும் சேத்துத்தான்..."

"ஆனா என்னோடதுதான் முதல்ல ஞாபகம் வந்துச்சு."

"இங்க யாருக்கும் எடையே கிடையாதும்மா. நிறைன்னு சொல்ல வந்தேன்."

"ஓ, நிறைஞ்சு போயிருக்கேன்!"

அன்றிலிருந்து பேச்சு இல்லை. எனக்குச் சாப்பாடு எடுத்துவைத்திருப்பதைக்கூட ஆய்வுக்கூடத் தலைவர் வந்துதான் சொல்கிறார். பாவம், அவருக்கு வேறு வேலையே ஓடவில்லை. கீழே என்றால் அவள் கோபித்துக்கொண்டு தங்கள் வீட்டுக்கு வந்திருப்பாள், நானும் பின்னாலேயே வந்து கெஞ்சி அழைத்துப் போயிருப்பேன். இங்கே வாசலைத் திறந்தால் கால் வைக்க இடமில்லை. எனவே தன் தூங்கும் பையைக் கழற்றிக்கொண்டு அலமாரிக்குப் பின்னால் போய்விட்டாள். பாதம் மட்டும் தெரிகிறது. அதைப் பார்த்துத்தான் மன்னிப்புக் கேட்கிறேன். அதுவும் உள்ளே இழுத்துக்கொள்ளப்படுகிறது.

தாங்கள் ஒரு வார்த்தை அவளிடம் பேச வேண்டும். பேசும்போது எடை, நிறை, குண்டு ஆகிய சொற்கள் வாயில் வராமல் பார்த்துக்கொள்ளவும். பெட்டிக்குள் இருப்பதைக்கூட நான் இப்போது உருண்டை என்றுதான் சொல்கிறேன்.

அக்காவுக்கு என் வணக்கம், பிள்ளைகளுக்கு ஆசிகள். தங்களை விழுந்து வணங்க ஆசைதான். இங்கே விழ வழியில்லை. மிதந்தபடியே வணங்கும்,

தங்கள் தங்கையின் கணவன்.

பி.கு.: மேலே உள்ளதைப் பொருட்படுத்த வேண்டாம். இன்று காலை என்னைச் சமையலறைக்கு விரட்டிவிட்டு ஐந்து பேரும் மறுபடி தியானம் செய்தார்கள். கோடு அசையவே இல்லை. அவளே நேரில் வந்து, "தினமும் நாங்க கண்ண மூடுனா நீங்க எங்க இருப்பீங்க?" என்று கேட்டாள். உண்மையைச் சொன்னேன். நடுச்சுவரில் ஒரு சின்னக் கண்ணாடி ஜன்னல் உண்டு, தினமும் அதில் ஒட்டிக்கொண்டு நிற்பேன். குண்டை இழுத்தது என் எடைதான், மச்சான்.

"அங்க என்ன வேலை?"

"நீ கண்ண மூடியிருக்கும்போதுதான் உன்ன நிம்மதியாப் பாக்க முடியுது."

சிரித்துவிட்டாள். "அப்ப குண்ட இழுத்தது நீங்க. உங்கள இழுத்தது யாரு? எங்க பிரிவ மூட வேண்டாம்னு எழுதிக் குடுங்க."

எழுதிக் கொடுத்துவிட்டேன்.