நீர்நாய்க்கு வழங்கப்பட்ட அனுமதி

தாமிரபரணிக் கரையில் சும்மா உட்கார்ந்திருக்க விரும்புவோர் உரிய அலுவலகத்தில் மனுச் செய்ய வேண்டும் என்பது பாளையங்கோட்டை ஹெப்சிபாவுக்கு முதலில் தெரியாது. காட்டுயிர்ப் படம் எடுப்பவள் அவள். சேரன்மகாதேவிப் பக்கம் ஒரு நீர்நாய் குட்டி போட்டிருந்தது. அணையைத் திறந்துவிட்டால் பொந்து முழுகிப்போகும், குடும்பம் இடம் மாறிவிடும். அதற்குள் எடுத்தாக வேண்டும்.

மனுவில் ஒரு கட்டம் இருந்தது: விலங்கு தோன்றும் நாள், நேரம், செய்யவிருக்கும் காரியம். 'தெரியாது, காத்திருப்பேன்' என்று எழுதிக் கொடுத்தாள்.

பிரிவு அதிகாரி முத்துமாலை கண்ணாடியைக் கழற்றினார். "காத்திருக்கதுக்கு அனுமதி கேட்டு இதுவரைக்கும் யாரும் வந்ததில்லம்மா. இங்கன எல்லாரும் அனுமதி இல்லாமத்தான் காத்திருக்காவ."

வேறு வழியில்லாமல், தாய் ஒன்று, குட்டி இரண்டு என்று மனுவில் எழுதி, அவளே ஒரு கால அட்டவணையும் தயாரித்தாள். பதினான்காம் தேதி பத்தரை மணிக்கு மீன் பிடித்தல், பத்தே முக்காலுக்கு உண்ணுதல். மேலதிகாரி அதைக் கவனமாகப் படித்து, நீர்நாய்க்கு மதிய இடைவேளையும் சேர்த்து ஒப்பமிட்டார்.

பதினான்காம் தேதி முத்துமாலை குடையோடு ஆய்வுக்கு வந்தார். நீர்நாய் வரவில்லை. மறுநாளே விளக்கம் கேட்டுக் குறிப்பாணை வந்தது. மேற்படி விலங்கு சொந்த வேலையாகச் சென்றுவிட்டது என்று ஹெப்சிபா பதில் எழுதினாள். அந்தக் காரணம் அலுவலகத்துக்கு நன்றாகப் பழக்கமானதுதான். தற்செயல் விடுப்பாக ஏற்று, பத்து நாள் நீட்டித்துக் கொடுத்தார்கள்.

ஒன்பதாம் நாள் நீர்நாய் வந்தது, குட்டிகளோடு. அவளுக்கு அழுகையே வந்துவிட்டது.

படம் நாற்பது நிமிடம். அதில் முப்பத்தாறு நிமிடம் வெறும் தண்ணீர். ஊரில் அப்போது பொறுமைதான் மோஸ்தர். அதற்குப் பயிற்சி முகாம் உண்டு, சான்றிதழ் உண்டு, பனியன்கூட உண்டு. ஆகவே அரங்கம் நிறைந்துவிட்டது. இயற்கையை எப்படிப் பார்ப்பது என்று ஹெப்சிபா சுருக்கமாக முக்கால் மணி நேரம் பேசினாள்.

படம் தொடங்கிய நாலாவது நிமிடத்தில் முதல் போன் வெளியே வந்தது. நீர்நாய் வந்தபோது எல்லோரும் குனிந்து, 'இயற்கையோடு ஒரு மாலை' என்று பதிவு போட்டுக்கொண்டிருந்தார்கள். ஹெப்சிபாவும் திரையைப் பார்க்கவில்லை. நிறைந்த அரங்கைத் தன் போனில் படம் பிடித்துக்கொண்டிருந்தாள். கடைசி வரிசையில் முத்துமாலை மட்டும் மடியில் கோப்போடு, நிபந்தனைகள் மீறப்படுகின்றனவா என்று கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

விளக்கு போட்டதும் அவளிடம் வந்தார். "எம்மா, மனுவில ரெண்டு குட்டின்னுல்லா எழுதியிருக்கிய. படத்துல மூணு வருதே."

ஹெப்சிபாவுக்குச் சிரிப்பு வந்தது. அந்தக் காட்சியை எண்பது தடவையாவது வெட்டி ஒட்டியிருப்பாள். இரண்டேதான் என்றாள்.

"கொஞ்சம் பின்னால போட்டு, பைய ஓட்டுங்க."

ஓட்டினாள். தாய்க்குப் பின்னால், கோரைக்குள் சின்னத் தலை ஒன்று எழும்பியது. நேராக அவள் கேமராவையே பார்த்துவிட்டு முங்கிப்போனது. அவளுக்கு முகம் சிவந்துவிட்டது. சுற்றி நின்றவர்கள் எங்கே எங்கே என்று போனைத் தூக்கினார்கள்.

முத்துமாலை கோப்பைத் திறந்து குறித்துக்கொண்டார். "நல்லாத்தான் எடுத்திருக்கிய. ஆனா அந்தப் பிள்ளைய வெட்டிருங்கம்மா. அதுக்கு அனுமதி இல்ல."