ஓஸ்வால்டின் பன்னிரண்டு மில்லிமீட்டர் ஆணி

இந்தக் கிறிஸ்துமஸுக்குக் கலகலா பலகாரம் உருட்டுவதில்லை என்று பெங்களூர் லிங்கராஜபுரம் ஓஸ்வால்ட் முடிவெடுத்துவிட்டார். ஐந்து கிலோ மாவு என்றால் சும்மாவா? பதினாறு வருஷமாக ஃபோர்க்கின் முதுகில் உருட்டி உருட்டிக் கட்டைவிரல் ரேகையே அழிந்துபோய்விட்டது அவருக்கு.

மனைவி பிலோமினாவிடம் பந்தயம் கட்டினார்.

"ஆபீஸ் ஸ்போர்ட்ஸ்ல நூறு மீட்டர் ஓடப் போறேன். முதல் மூணுல வந்தா இந்த வருஷம் மொத்த மாவும் நீயே உருட்டணும்."

"வரலைன்னா?"

"நானே தனியா உருட்டறேன், போ!"

அதற்கு ஸ்பைக் ஷூ வேண்டுமே. கடைக்கு அவளும் கூடவே கிளம்பினாள். கோலார் தங்கவயலில் பள்ளிக்கூட நாளில் ஓடிக் கோப்பை வாங்கியவள். ஓஸ்வால்டோ பஸ்ஸைப் பிடிக்கக்கூட ஓடாத மனிதர்.

கடைக்காரர் நோயல், ஷூவின் அடியில் திருகும் ஆணிகளை மேஜையில் பரப்பினார். ஆறு மில்லிமீட்டரில் தொடங்கிப் பன்னிரண்டு வரை இருந்தன.

"ஏங்க, போட்டி ஸ்டேடியத்துல. சிந்தெடிக் டிராக்கு. ஆறே போதும். நீட்டு ஆணியெல்லாம் மண்ணு தரைக்கு" என்றாள் பிலோமினா.

ஓஸ்வால்ட் உள்ளுக்குள் சிரித்துக்கொண்டார். தான் ஜெயித்தால் ஐந்து கிலோவும் இவள் தலையில். இவளாவது நல்ல வழி சொல்வதாவது!

"அம்மா சொல்றது கரெக்ட் சார்" என்றார் நோயல்.

"உங்களுக்கு எந்த ஊரு?"

"கே.ஜி.எஃப். சார், கோலார் தங்கவயல்."

"அதானே பார்த்தேன்! ஊர்க்காரங்க கூட்டு! பன்னெண்டைப் போடுங்க."

பிலோமினா பர்ஸைத் திறந்து பணத்தை எடுத்து நீட்டினாள். அதுவே தன் முதல் வெற்றி என்று ஓஸ்வால்ட் நினைத்துக்கொண்டார்.

போட்டியன்று நடுவர் ஒவ்வொருவர் காலாகத் தூக்கச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தார். ஓஸ்வால்டின் ஆணிகளைப் பார்த்ததும் திடுக்கிட்டார்.

"ஓட வந்தீங்களா சார், போர்வெல் போட வந்தீங்களா? டிராக் கிழிஞ்சிடும். கழட்டுங்க!"

ஆணி கழற்றும் சாவி வீட்டில். வேறு வழியில்லாமல் வெறுங்காலோடு ஓடினார். எட்டுப் பேரில் எட்டாவது. ஏழாவதாக வந்தவர் அடுத்த மாதம் ரிட்டயர் ஆகிறவர்.

சாயங்காலம் சாப்பாட்டு மேஜையில் மாவு மலை போலக் குவிந்திருந்தது. பிலோமினா ஃபோர்க்கைத் துடைத்துக் கையில் கொடுத்தாள். ஓஸ்வால்டுக்கு அழுகையே வந்துவிட்டது.

"அப்போ நீ நிஜத்தைத்தான் சொன்னியா?"

"மாதா சத்தியமா!"

"நான் ஜெயிக்கிற வழியை நீயே எதுக்குடி எனக்குச் சொன்ன?"

"இத்தினி வருஷத்துல நான் சொல்லி எதையாவது கேட்டிருக்கீங்களா? அந்த தைரியந்தான்."